கட்டி வைத்து அடிக்க நாம் யார்?

2021ஆம் ஆண்டு செப்டம்பர் 19ஆம் தேதி இரவு. பண்ருட்டியிலிருந்து நெய்வேலி செல்லும் சாலையில் உள்ள காடாம்புலியூர் காவல் நிலையத்திற்கு, முந்திரித் தொழிற்சாலை ஒன்றைச் சேர்ந்தவர்கள் தங்களிடம் வேலை பார்த்த ஒரு தொழிலாளியைக் கொண்டு வந்தார்கள். அவருக்கு வயது அறுபது. ஏழு கிலோ முந்திரிப் பருப்பைத் திருடிவிட்டார் என்பது அவர் மீது சொல்லப்பட்ட புகார். அவர் உடம்பில் இருந்த காயங்களைக் கண்ட காவலர்கள், முதலில் மருத்துவமனைக்குக் கொண்டு போங்கள் என்று சொல்லித் திருப்பி அனுப்பினார்கள். மருத்துவமனைக்குக் கொண்டு போகாமல் மீண்டும் தொழிற்சாலைக்கே கொண்டு போனார்கள் என்றும், அங்கே அவர் உயிர் பிரிந்தது என்றும் பின்னர் விசாரித்த சி.பி.சி.ஐ.டி. கூறியது.

முதலில் சந்தேக மரணம் என்றுதான் வழக்குப் பதிவானது. குடும்பத்தார் விடவில்லை. விசாரணை சி.பி.சி.ஐ.டி.க்கு மாறியது; அக்டோபரில் அது கொலை வழக்கானது. அந்தத் தொழிற்சாலை அப்போதைய கடலூர் நாடாளுமன்ற உறுப்பினர் டி.ஆர்.வி.எஸ். ரமேஷுக்குச் சொந்தமானது. அவருடைய உதவியாளர் உள்பட ஐந்து பேர் கைதானார்கள். அக்டோபர் 11ஆம் தேதி அவரே பண்ருட்டி நீதிமன்றத்தில் சரணடைந்தார். குற்றம் சாட்டப்பட்டவர் எல்லாம் குற்றவாளி அல்லர். அதைச் சொல்ல வேண்டியது நீதிமன்றம். நாம் இங்கே யாருக்கும் தீர்ப்பு எழுத வரவில்லை. தீர்ப்பு எழுதும் வேலையை நாம் கையில் எடுத்துக்கொள்வதால் என்ன நேர்கிறது என்பதைப் பற்றியே இந்தத் தலையங்கம்.

ஏழு கிலோ முந்திரிப் பருப்பு! அதன் விலையைக் கணக்குப் போட்டுப் பாருங்கள். அந்தத் தொகைக்காக ஒரு முதியவரின் உயிர் போயிற்று. ஆளும் கட்சியின் எம்.பி. ஒருவர் சிறைக்குப் போனார். ஐந்து குடும்பங்கள் வாய்தா வாய்தாவாக அலையும் நிலைக்கு வந்தன.

சகோதரர்களே! இதை இப்போது எழுதக் காரணம் உண்டு. அண்மையில் ஒரு கடைவீதிக்குப் போயிருந்தோம். ஊர்ப் பெயர் வேண்டாம். நம்மவர் கடைகள் வரிசையாக இருக்கும் இடம். ஒரு செல்போன் கடை ஷட்டரின் ஓரத்துக் கம்பியில் பதினெட்டு, பத்தொன்பது வயதுப் பையன் ஒருவனை நைலான் கயிற்றால் கட்டி வைத்திருந்தார்கள். சுற்றிலும் முப்பது பேருக்கு மேல். அடித்தவர்கள் என்று பார்த்தால் மூன்று பேர் இருக்கலாம். நாலைந்து பேர் செல்போனில் படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். மற்றவர்கள் ஓதுவதற்கு நிற்பது போலக் கையைக் கட்டிக்கொண்டு வேடிக்கை பார்த்தார்கள். "அவிழ்த்து விடுங்கள்" என்றோம். கடைக்காரர் நம்மை நன்கு அறிந்தவர், ஐந்து வேளையும் பள்ளிக்கு வருபவர். "ஹஜ்ரத், நீங்க ஒதுங்கிக்குங்க. நாலு தட்டு தட்டினாத்தான் உண்மையைச் சொல்லுவான். போலீஸ்ல கொடுத்தா நாளைக்கே வெளியில வந்துடுவான்" என்றார்.

இந்த ஒரு வாக்கியத்தைத்தான் நாம் எத்தனை கடைவீதிகளில் கேட்டிருக்கிறோம்! அதனால் அதையே சட்டத்தின் தராசில் வைத்துப் பார்ப்போம்.

திருட்டுக்குச் சட்டம் தரும் அதிகபட்சத் தண்டனை மூன்றாண்டு. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்துள்ள பாரதிய நியாய சன்ஹிதாவின் 303ஆவது பிரிவிலும் முதல் குற்றத்துக்கு அதுவே. பொருளின் மதிப்பு 5,000 ரூபாய்க்குக் குறைவாக இருந்து, பொருளும் திரும்பக் கிடைத்து, முதல் முறை தண்டனை பெறுபவனாகவும் இருந்தால் சிறை கூட இல்லை, சமுதாய சேவைதான். சரி, திருடனிடமிருந்து உண்மையை வரவழைக்கவோ பொருளை மீட்கவோ அவனை அடித்துக் காயப்படுத்தினால்? அதே சட்டத்தின் 120ஆவது பிரிவு. ஏழாண்டு வரை சிறை! கொடுங்காயம் என்றால் பத்தாண்டு. பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் 330, 331 என்று இருந்தவைதாம் இவை. புதிதாக வந்தவை அல்ல. இதே காரணத்துக்காக ஒருவனைக் கட்டிப்போட்டு அடைத்து வைத்தால் அதற்குத் தனியாக மூன்றாண்டு.

புரிகிறதா வியாபாரிகளே? திருடியவனுக்கு மூன்று. அவனை "நாலு தட்டு" தட்டிய உங்களுக்கு ஏழு. அந்தப் பையன் நாளைக்கே வெளியில் வந்துவிடுவான் என்ற கவலையில் அடித்தவர், தாம் உள்ளே போகும் கதையை யோசிக்கவே இல்லை.

"திருடனைப் பிடிக்கக் கூடவா உரிமை இல்லை?" என்று கேட்பீர்கள். உண்டு. நம் கண்ணெதிரே, வாரண்ட் இல்லாமல் கைது செய்யத்தக்க, பிணையில் விட முடியாத குற்றம் ஒன்றைச் செய்பவனைப் பிடிக்கச் சாதாரணக் குடிமகனுக்கும் அதிகாரம் உண்டு. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 43ஆவது பிரிவு. இப்போது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 40ஆவது பிரிவு. "கண்ணெதிரே" என்பதைக் கவனியுங்கள். நேற்று காணாமல் போன பொருளுக்கு இன்று சந்தேகத்தின் பேரில் ஒருவனைப் பிடித்துக் கட்ட இந்தப் பிரிவு உதவாது. முன்னே சொன்ன ஐயாயிரத்துக்கு உட்பட்ட சிறு திருட்டில் வாரண்ட் இன்றிக் கைது செய்யும் அதிகாரம் காவலருக்கே இல்லை. நமக்கு எங்கிருந்து வரும்? புதிய சட்டம் ஒரு காலக்கெடுவும் வைத்திருக்கிறது. பிடித்தவனை ஆறு மணி நேரத்துக்குள் காவல்துறையிடம் ஒப்படைத்தாக வேண்டும். முன்பு "தேவையற்ற தாமதமின்றி" என்று மட்டும் இருந்தது. கடைச் சிப்பந்தியே முதலாளியின் பொருளைத் திருடினால் அதற்குத் தனிப் பிரிவு இருக்கிறது, 306. ஏழாண்டு வரை தண்டனை. ஆக, முதலாளிக்குச் சட்டம் துணை நிற்காமல் இல்லை.

சொத்தைக் காப்பாற்றிக்கொள்ளும் தற்காப்பு உரிமையைச் சிலர் எடுத்து வைப்பார்கள். அதுவும் உண்மையே. ஆனால் திருடன் தப்பிப் போய்விட்டாலோ, பொருள் மீட்கப்பட்டாலோ, காவல்துறையின் உதவி கிடைத்துவிட்டாலோ அந்த உரிமை அத்தோடு முடிந்தது. தேவைக்கு மேல் ஓர் அடி கூட அந்த உரிமையில் சேராது. கயிற்றால் கட்டிய பிறகு எதிலிருந்து தற்காத்துக்கொள்கிறீர்கள்?

இதுவரை அடித்தவர்களைப் பற்றிச் சொன்னோம். இனி, கையைக் கட்டிக்கொண்டு நின்றவர்கள். நம் இளைஞர்கள் காதில் விழ வேண்டியது இதுதான்.

ஐந்து பேரோ அதற்கு மேற்பட்டவர்களோ ஒரு குற்றம் செய்யும் பொது நோக்கத்தோடு கூடினால் அது சட்டவிரோதக் கூட்டம். அதன் உறுப்பினராக இருப்பது ஒன்றே குற்றம். ஆறு மாதம் வரை சிறை. அந்தக் கூட்டத்தில் எவனாவது ஒருவன் கையை ஓங்கிவிட்டால் அனைவர் மீதும் கலகக் குற்றம், இரண்டாண்டு. உயிர் போக்கும் ஆயுதம் வைத்திருந்தால் முன்பு மூன்றாண்டு, இப்போது ஐந்தாண்டு. இவற்றுக்கெல்லாம் தலையானது பழைய 149ஆவது பிரிவு, இன்று 190. அந்தப் பொது நோக்கத்தை நிறைவேற்ற ஒருவன் செய்த குற்றம், அல்லது இப்படி நடக்கும் என்று எல்லாருக்கும் தெரிந்திருக்கக்கூடிய குற்றம், கூட்டத்தில் இருந்த ஒவ்வொருவரும் செய்த குற்றமாகவே கொள்ளப்படும். தடியை எடுத்தவன் ஒருவன். கொலைத் தண்டனைக்கு நிற்பவர்கள் பத்துப் பேர்!

"நாங்கள் நாலு பேர்தான் இருந்தோம்" என்றும் தப்ப முடியாது. ஒத்த எண்ணத்தோடு செயல்பட்டவர்களுக்கு எண்ணிக்கைக் கணக்கே இல்லை. இரண்டு பேர் போதும். பழைய 34ஆவது பிரிவு அது. 1923இல் கல்கத்தாவில் சங்கரிதோலா என்ற இடத்து அஞ்சலகத்தில் பணம் எண்ணிக்கொண்டிருந்த அஞ்சல் அதிகாரியைக் கொள்ளைக்கு வந்தவர்கள் சுட்டுக் கொன்றார்கள். பிடிபட்டவர், "நான் வெளியே முற்றத்தில்தான் நின்றேன், சுடவில்லை" என்று லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய் வாதாடினார். எடுபடவில்லை. வெளியே காவல் நிற்பதும் அந்த வேலையில் ஒரு பங்குதான் என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். நூறாண்டு ஆகியும் நீதிமன்றங்கள் அந்தத் தீர்ப்பை எடுத்துக்காட்டிக்கொண்டே இருக்கின்றன.

வெறுமனே வேடிக்கை பார்த்தவனைச் சட்டம் தண்டிப்பதில்லை. அதையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். நோக்கம் தெரிந்து, விரும்பிச் சேர்ந்தவனும் தொடர்ந்து நின்றவனும்தான் உறுப்பினர். விலக்கிவிடப் போனவனும், வழியே போனவனும் அல்லர். 1964இல் மசால்டி வழக்கில் உச்ச நீதிமன்றம், ஒவ்வொருவனும் அடித்தான் என்று நிரூபிக்கத் தேவையில்லை என்று சொன்னது. அதே தீர்ப்பில், பெருங்கூட்டத்தில் ஒருவனைக் குற்றவாளி என்று முடிவு செய்யும்முன் இரண்டு மூன்று சாட்சிகளாவது அவனை மாறாமல் அடையாளம் காட்டுகிறார்களா என்று பார்க்கும் எச்சரிக்கையையும் ஆதரித்தது. நல்லது. ஆனால் "நான் வேடிக்கைதான் பார்த்தேன்" என்பது நீதிமன்றத்தில் நிலைநாட்டப்படும் நாள் எப்போது வரும்? முதல் தகவல் அறிக்கையில் ஐந்து பெயர். அதன் கீழே "மற்றும் பலர்". அந்த மூன்றெழுத்து "பலர்" யார் யார் தலையில் விழும் என்று அன்றிரவு எவருக்கும் தெரியாது. காவல் நிலையத்தில் அது ஒரு காலிப் பை. யாரை வேண்டுமானாலும் போட்டு நிரப்பலாம். சிறுபான்மைச் சமுதாயமும் தாழ்த்தப்பட்ட மக்களும் இந்தப் பையின் கனத்தை நன்றாக அறிவார்கள்.

ஒரு தாய் நம்மிடம் வந்து, "என் புள்ள சும்மா பார்த்துக்கிட்டுத்தான் நின்னான் ஹஜ்ரத்" என்று அழுதது நினைவிருக்கிறது. உண்மையாகவே நின்றவன்தான் அவன். ஜாமீன் கிடைத்தது. வழக்கு நீதிமன்றத்தில் நிலுவையில் இருந்ததால் பாஸ்போர்ட் கிடைக்கவில்லை. பாஸ்போர்ட் சட்டத்தின் 6ஆவது பிரிவு அப்படி. நீதிமன்றத்தில் மனுப் போட்டு அனுமதி வாங்கினால்தான் வழி பிறக்கும். அதற்குள் துபாய் விசா காலாவதியாகிவிட்டது. நம் ஊர்களில் ஒரு விசாவுக்குப் பின்னால் எத்தனை பேரின் நகை அடகில் இருக்கும் என்று நாம் சொல்லத் தேவையில்லை.

"நம்ம பையனை அடிச்சுட்டானுங்க, வாங்கடா" என்று பேருந்து நிலையத்திலிருந்து ஒரு போன் வரும். காரணம் கேட்காமல் ஆறு மோட்டார் சைக்கிளில் பன்னிரண்டு பேர் புறப்படுவார்கள். பன்னிரண்டு பேருக்கும் பொது நோக்கம் என்ன என்பதை அந்தப் போனே சொல்லிவிடும்! வாட்ஸ்அப்பில் போட்ட வார்த்தை அழிந்துவிட்டது என்று நினைப்பவன் இன்னும் அந்தக் காலத்திலேயே இருக்கிறான்.

மூன்றாண்டுகள் வேண்டாம், ஏழாண்டுகள் வேண்டாம், தண்டனைக் கணக்கையே விட்டுவிடுவோம். நாம் வெட்கப்பட வேண்டிய இடம் வேறு.

2019 ஜூன் 17ஆம் தேதி இரவு ஜார்க்கண்டில் தப்ரேஸ் அன்சாரி என்ற இளைஞரை மோட்டார் சைக்கிள் திருடினார் என்று சொல்லிப் பிடித்தார்கள். கம்பத்தில் கட்டினார்கள். அடித்தார்கள். அவர் மதத்துக்கு மாறான முழக்கங்களைச் சொல்லச் சொல்லிப் படம் எடுத்தார்கள். ஐந்தாம் நாள் அவர் இறந்தார். நாடெங்கும் நாம் தெருவில் இறங்கிக் கண்டித்தோம். "திருடனாகவே இருக்கட்டும், கட்டி வைத்து அடிக்க இவர்கள் யார்?" என்று கேட்டோம். 2023 ஜூலையில் பத்துப் பேருக்குப் பத்தாண்டுச் சிறை என்று தீர்ப்பானது. கொலைக்கு அல்ல, கொலையாகாத மரணம் விளைவித்ததற்கு. அது போதாது என்றும் சொன்னோம்.

2018 பிப்ரவரி 22. கேரளத்து அட்டப்பாடியில் மது என்ற பழங்குடி இளைஞரை, கடைகளில் அரிசி திருடினார் என்று காட்டுக்குள் போய்ப் பிடித்து வந்தார்கள். கையைக் கட்டினார்கள். அடித்தார்கள். அவரோடு நின்று செல்போனில் படமும் எடுத்துக்கொண்டார்கள். பசித்தவன் எடுத்த அரிசி! அன்றே அவர் இறந்தார். சாட்சிகள் பலர் பிறழ்ந்தும் 2023 ஏப்ரலில் மன்னார்க்காடு நீதிமன்றம் 14 பேரைக் குற்றவாளிகள் என்றது; 13 பேருக்கு ஏழாண்டுக் கடுங்காவல். அந்தப் பட்டியலில் நம் சமுதாயத்துப் பெயர்கள் பல இருந்தன. தப்ரேஸுக்காக இறங்கிய தெருவில் மதுவுக்காக நம்மில் எத்தனை பேர் இறங்கினோம்? கேட்க வேண்டிய கேள்வி இது. யாரும் கேட்பதில்லை, நாமும் இத்தனை நாள் கேட்கவில்லை.

கும்பல் என்றால் என்ன என்று நமக்கு எவரும் பாடம் நடத்த வேண்டியதில்லை. 1997 நவம்பர் இறுதியில் கோவையில் நம் கடைகள் சூறையாடப்பட்டதும் உயிர்கள் பறிக்கப்பட்டதும் கண்ணால் கண்ட வியாபாரிகள் இன்றும் இருக்கிறார்கள். அன்று தீ வைத்தவனுக்குப் பின்னால் நூறு பேர் "சும்மா நின்றார்கள்". அந்த நூறு பேரில் ஒருவரைக் கூட நாம் நிரபராதி என்று எண்ணியதுண்டா?

அமைப்புத் தோழர்களுக்கு ஒரு வார்த்தை. சட்டப்படி அனுமதி வாங்கி அமைதியாகக் கூடும் ஆர்ப்பாட்டம் சட்டவிரோதம் ஆகாது. ஆனால் கூடும்போது சட்டத்துக்கு உட்பட்ட கூட்டம் பிற்பாடு சட்டவிரோதக் கூட்டமாக மாறலாம் என்று சட்டமே சொல்கிறது. 2023 ஜூலை 28ஆம் தேதி நெய்வேலியில் நிலக்கரிச் சுரங்க நில எடுப்பை எதிர்த்துப் பாட்டாளி மக்கள் கட்சி நடத்திய போராட்டத்தை நினைத்துப் பாருங்கள். விளைந்த நெற்பயிரில் இயந்திரத்தை இறக்கியதை எதிர்த்த கோரிக்கை. நியாயமில்லை என்று யார் சொல்வார்? கல் பறந்த நிமிடத்திலிருந்து செய்தி மாறிவிட்டது. காவல் வாகனங்கள் உடைந்ததும் கண்ணீர்ப் புகையும்தான் மறுநாள் பேச்சு. நெற்பயிர் பின்னுக்குப் போயிற்று. கலைந்து போகச் சொல்லி ஆணையிட்ட பிறகும் நிற்பவர்களுக்கு இரண்டாண்டு வரை தண்டனை என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். கல் எடுப்பவனின் கையை அந்த இடத்திலேயே பிடிக்க முடியாத தலைவன் கூட்டம் கூட்டக்கூடாது.

ஆட்சியாளர்களிடம் கேட்க வேண்டியதும் இருக்கிறது. 2018 ஜூலை 17ஆம் தேதி உச்ச நீதிமன்றம் கும்பல் கொலைகள் குறித்துத் தெளிவான கட்டளைகளைப் பிறப்பித்தது. மாவட்டந்தோறும் காவல் கண்காணிப்பாளர் நிலையில் ஒரு பொறுப்பதிகாரி, ஆறு மாதத்துக்குள் முடியும் விரைவு விசாரணை, பாதிக்கப்பட்டோருக்கு இழப்பீட்டுத் திட்டம், கடமை தவறிய அதிகாரி மீது நடவடிக்கை. நம் மாவட்டத்தில் அந்தப் பொறுப்பதிகாரி யார் என்று ஜமாஅத் நிர்வாகிகளைக் கேட்டுப் பாருங்கள்! புதிய சட்டத்தின் 103ஆவது பிரிவில், ஐந்து பேர் சேர்ந்து இனம், சாதி அல்லது சமூகம், பால், பிறந்த இடம், மொழி, தனிப்பட்ட நம்பிக்கை போன்ற காரணத்தால் கொலை செய்தால் தூக்கு அல்லது ஆயுள் என்று தனியே எழுதியிருக்கிறார்கள். வரவேற்கலாம். "மதம்" என்ற சொல்லை மட்டும் ஏன் எழுதாமல் விட்டார்கள்? திருட்டுச் சந்தேகத்தால் நடக்கும் கும்பல் கொலைகளும் அந்தப் பட்டியலில் நேரடியாக இல்லை. பொதுவான கொலைப் பிரிவும் 190உம்தான் அங்கே கைகொடுக்க வேண்டும்.

வணிகர் சங்கங்கள் உடனே செய்யக்கூடியவை சில உண்டு, பெரிய செலவும் இல்லை. கடையில் ஒருவனைக் கையும் களவுமாகப் பிடித்தால் உட்கார வையுங்கள், தண்ணீர் கொடுங்கள், 112க்குப் போன் செய்யுங்கள். பிடித்த நேரத்தையும் ஒப்படைத்த நேரத்தையும் எழுதி வையுங்கள். கேமராப் பதிவை அழியாமல் எடுத்து வையுங்கள். புகாரை எழுத்தில் கொடுத்து ரசீது வாங்குங்கள். யாராவது கை நீட்டினால் முதலில் தடுக்க வேண்டியவர் கடை முதலாளிதான். தம் இடத்தில் சட்டவிரோதக் கூட்டம் கூடுவது தெரிந்தும் காவல் நிலையத்துக்குச் சொல்லாத இடத்துக்காரர் மீதும் சட்டத்தில் ஒரு பிரிவு இருக்கிறது. அபராதம் வெறும் ஆயிரம் ரூபாய்தான், ஆனாலும் பெயர் வழக்கில் ஏறிவிடும். ஜமாஅத்துகள் மாதம் ஒரு முறை இஷாவுக்குப் பின் ஒரு வழக்கறிஞரை அழைத்து இளைஞர்களுக்கு இந்த நாலைந்து பிரிவுகளைச் சொல்லிக் கொடுக்கலாம்.

அந்தச் செல்போன் கடைப் பையனுக்கு என்ன ஆயிற்று என்று கேட்பீர்கள். கயிற்றை நாமே அவிழ்த்தோம். அப்போதும் இரண்டு பேர் முறைத்தார்கள். கடைக்காரரையும் பையனையும் கூட்டிக்கொண்டு காவல் நிலையத்துக்கு நடந்தோம். பின்னால் வந்த கூட்டத்தைப் பாதி வழியில் திருப்பி அனுப்பினோம். அங்கே எழுத்தர் கேட்ட முதல் கேள்வி, "இவன் உதட்டுல ரத்தம் எப்படி வந்துச்சு? யார் யார் அடிச்சீங்க?" என்பதுதான். கடைக்காரர் நம் முகத்தைப் பார்த்தார். நாம் ஒன்றும் சொல்லவில்லை.